ஏழடியில் ஒரு சிவப்பு நூல்

என் மேசை இழுப்பறையில் ஓர் அளவு நாடா கிடக்கிறது. தையல்காரருடையது அல்ல, காமிராவிலிருந்து நடிகையின் மூக்குவரை அளப்பதற்கானது. ஏழடியில் ஒரு சிவப்பு நூல். கட்டியவள் தீதி. என்னைவிட இரண்டு மாதம் சின்னவள்தான். ஆனால் ஒளிப்பதிவாளரை யூனிட்டே தீதி, அதாவது வங்காளத்தில் அக்கா, என்று கூப்பிடும்போது நான் மட்டும் என்ன செய்ய? என்னைப்போலவே, மாற்றலாகிக் கொல்கத்தா வந்த அரசு ஊழியரின் பிள்ளை. மற்ற பேச்செல்லாம் வங்காளத்தில்தான், திட்டுவதற்கு மட்டும் தமிழைப் பத்திரமாக வைத்திருந்தாள். படப்பிடிப்பில் அது எனக்கு ஒருவனுக்குத்தான் புரியும்.

நண்பர்கள் சேர்ந்து எடுத்த அவளுடைய முதல் படம், ஏரிக்கரையில் கடைசி ஷாட். இருட்டுவதற்குள் வாடகைக் காமிராவைத் திருப்பித் தரவேண்டும், வெயிலோ இறங்கிக்கொண்டிருந்தது. நடிகை ஏழடியில் வந்து நின்றதும் லென்ஸ் வளையத்தைத் திருகி முகத்தைத் தெளிவாக்க வேண்டியது என் வேலை. எனக்கு உள்ளங்கை வியர்த்து, எதிர்ப்பக்கம் திருகித் தொலைத்தேன். முகம் கலங்கி, பின்னாலிருந்த ஏரி பளிச்சென்று எழுந்தது. பதறித் திருப்பினேன். முகம் மெல்ல மீண்டு வந்தது.

“பாவி, ஏரியையாடா நடிக்கக் கூட்டிட்டு வந்தோம்?” என்றாள், ஷாட் முடிந்ததும்.

வெளிச்சம் போய்விட்டதால் அதுவே படத்தில் இடம்பெற்றது. பார்த்தவர்களெல்லாம் அதைத்தான் புகழ்ந்தார்கள். துயரத்தில் முகம் கரைகிறது என்று ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவளுக்கு மும்பையிலிருந்து அழைப்பு வந்தது. “நீயும் வாடா” என்றாள். மறுபடி உள்ளங்கை வியர்த்தது. “வயிறு சரியில்ல, தீதி.” ஒரு வாழ்க்கையையே மறுப்பதற்கு அந்த நிமிஷத்தில் அதைவிடக் கம்பீரமான காரணம் கிடைக்கவில்லை. நாடாவில் நூலைக் கட்டி என் கையில் திணித்தாள். “நடிகை நிக்கிற இடம் இது. ஏரி இதுக்குப் பின்னாடி. மறந்துடாதே.” ரயிலேறிவிட்டாள்.

இப்போது அதே கொல்கத்தாவில், பாலிகஞ்சில் கல்யாண வீடியோ எடுக்கிறேன். மணப்பெண் அதிகம் நகர்வதில்லை, எனக்கும் அதுதான் வசதி. தீதியின் படங்களை ஒன்றுவிடாமல் பார்ப்பேன். சென்ற ஞாயிறு பார்த்ததில் ஒவ்வொரு முகமும் அப்பழுக்கில்லாத தெளிவு. எங்கும் யார் கையும் நடுங்கவில்லை. வீட்டுக்கு வந்து இழுப்பறையிலிருந்து நாடாவை எடுத்தேன். பல வருஷங்களுக்குப் பிறகு அவளை அழைத்தேன்.

“ஃபோகஸ் பிரமாதம், தீதி.”

“ஆமா. எவனும் தப்பே பண்ண மாட்டேங்கறான். தமிழ்ல திட்டி எவ்வளவு நாளாச்சு தெரியுமா?” என்றாள். “அடுத்த மாசம் அதே ஏரிக்கரையில ஷூட்டிங். உன் வயிறு எப்படிடா இருக்கு?”

நாடா என் மடியில் கிடந்தது. சிவப்பு நூலைப் பிடித்திருந்த விரல்கள் வியர்த்திருந்தன.

“பசிக்குது, தீதி” என்றேன்.