சந்தூக்கின் காலைப் பிடித்துச் சொன்ன சொல்

சந்தூக்கின் முன்கால் என் கையில் இருந்தது. பச்சைச் சாயம் உரிந்து, எத்தனையோ பேர் பிடித்துப் பிடித்து வழவழத்துப்போன மரம். பள்ளிவாசல் முற்றத்தில் வாப்பாவை அதில் கிடத்தி வெள்ளைத் துணியால் மூடியிருந்தார்கள். ஜனாஸா தொழுகைக்கு எல்லோரும் வரிசையாக நின்றதும் தொழுகை நடத்தும் லெப்பை என் தோளைத் தொட்டு, "சொல்லுப்பா" என்றார். அடக்கத்துக்கு முன்னால் மகன் சொல்ல வேண்டியது அது. "எங்க வாப்பா யாருக்காவது ஏதும் கொடுக்க வேண்டியது இருந்தா எங்கிட்ட கேளுங்க. அதுக்கு நான் பொறுப்பு" என்றேன். யாரும் வாய் திறக்கவில்லை. எல்லா மகன்களும் சொல்வதுதானே என்று நானும் சொன்னேன். முற்றத்தின் குட்டைச் சுவருக்கு வெளியே, துண்டைத் தோளிலிருந்து எடுத்துக் கையில் வைத்தபடி மரக்கடை அண்ணாச்சி நின்றிருந்தார். துக்கத்துக்கு வந்திருக்கிறாரே என்று அப்போது எனக்கு நெஞ்சு இளகியது.

வாப்பா தூத்துக்குடி துறைமுகத்து லாஞ்சில் சுக்கான் திருப்பும் சுக்கானி. இங்கே கரையோரம் ஆழம் கிடையாது; கப்பல்கள் வெகுதூரத்தில் நின்றுவிடும். அங்கிருந்து சரக்குத் தோணிகளைக் கட்டி இழுத்துவரும் லாஞ்சு அவருடையது. வீட்டில் சோறு தின்னும்போதும் அவருடைய இடது கை பாயின் ஓரத்தைப் பிடித்து மெல்ல மெல்லத் திருப்பிக்கொண்டே இருக்கும். "வீடு எந்தப் பக்கம் போவுது வாப்பா?" என்று தங்கச்சி கேலி செய்வாள். "ஒங்க உம்மா சொல்லுத பக்கம்தான்" என்பார். அந்தக் கை நாலு நாள் காய்ச்சலில் நின்றுபோனது. இப்போதும் சாப்பிட உட்கார்ந்தால் பாயின் அந்த ஓரத்தைப் பார்க்காமல் இருக்க முடியவில்லை.

எங்கள் காயல்பட்டினத்து வழக்கப்படி பெண்ணுக்கு வீடு கொடுத்துத்தான் கல்யாணம். மூத்தவள் ராத்தாவின் கல்யாணத்துக்காக ஊரில் வாப்பா வீடு கட்டியபோது, யுத்தத்தால் பர்மா தேக்கு வரத்து நின்று, மரம் விலை எட்டாத உயரத்தில் இருந்தது. உத்தரமும் கதவும் நிலையும் அண்ணாச்சிதான் கடனாகக் கொடுத்தார். வாப்பா கையெழுத்துப் போட்ட சீட்டு அவரிடம் இருக்கிறது. அதில் பொய் ஒன்றும் இல்லை.

நாற்பதாம் நாள் பாத்திஹா முடிந்த மறுநாள் அண்ணாச்சி வந்தார். துறைமுக ஆபீசில் வாப்பாவின் பண்டுப் பணம் இருக்கிறதாமே என்று கேட்டார். மாதாமாதம் சம்பளத்தில் பிடித்துச் சேர்த்த பணம் அது. உம்மா இத்தாவில் இருந்தாள். புருஷனை இழந்தவள் நாலு மாதம் பத்து நாள் வெளியே வரக்கூடாது. அது முடியட்டும் என்றேன். அவருக்குப் பொறுக்கவில்லை. அந்தப் பணத்தை யாருக்கும் கொடுக்கக்கூடாது என்று கோர்ட்டில் மனுப் போட்டுவிட்டார்.

நான் ஆபீசுக்கு ஓடினேன். மூன்றாம் வகுப்போடு நின்றவன் நான். ஹெட் கிளார்க்கு ஐயா வாசித்துச் சொன்னதில் பாதி பிடிபடவில்லை. பண்டுப் பணத்தைக் கடனுக்காக ஜப்தி செய்ய எந்தக் கோர்ட்டாலும் முடியாதாம். உம்மாவுக்குச் சேர வேண்டும் என்று வாப்பா எழுதி வைத்திருந்ததால், அவர் கண்ணை மூடியதுமே அது உம்மாவின் பணம் ஆகிவிட்டதாம். வாப்பாவின் கடன் அதில் ஒட்டாதாம்.

"வாப்பா சம்பளத்துல பிடிச்சது வாப்பா பணம் இல்லையா?" என்று கேட்டேன்.

"அவரு கையில வாங்கியிருந்தா அவரு பணம். வாங்காமலே போயிட்டாருல்லா? அதான் சட்டம். போ, போய் உம்மாட்ட சொல்லு."

அண்ணாச்சியின் மனு தள்ளுபடியானது. ஆபீஸ் குமாஸ்தா பணத்துக்கான தாளையும் மைப்பெட்டியையும் எடுத்துக்கொண்டு வீட்டுக்கே வந்தார். திரைக்குப் பின்னாலிருந்து உம்மாவின் கை மட்டும் வெளியே வந்தது. வளையல் கழற்றிய கை. பெருவிரலை நான்தான் பிடித்து மையில் வைத்து அழுத்தினேன். பிறகு தாளில் வைத்தேன்.

மறுநாள் அண்ணாச்சி என்னைக் கடை வாசலில் நிறுத்தினார். கோபமாகப் பேசவில்லை, சிரித்தார்.

"ஏலே, ஒங்க வாப்பா கெட்டிக்காரரு. வீட்டை மவ பேருல எழுதினாரு. பண்டைப் பொண்டாட்டி பேருல எழுதினாரு. எனக்கு ஒன் வாயைத்தான் எழுதி வச்சிட்டுப் போயிருக்காரு. சந்தூக்கைப் பிடிச்சிக்கிட்டு நீ சொன்னதை நான் கேட்டேன்லே. அதுக்கு எந்தக் கோர்ட்டுல பிராது கொடுக்க?"

வீட்டுக்குப் போனேன். உம்மாவிடம் சொன்னேன். "ஒங்க வாப்பா தெரியாமலா என் பேரை எழுதுனாரு? ஒன் தங்கச்சிக்கு நாளைக்கு யாரு வீடு கட்டுவா? நான் தொட விடமாட்டேன்" என்றாள். சற்று நேரம் கழித்துத் திரைக்குள்ளிருந்து அவள் அழுவது கேட்டது. கடன் தீராவிட்டால் செத்தவருடைய ரூஹு நடுவில் தொங்கிக்கிடக்கும் என்று அவளும் கேட்டு வளர்ந்தவள்தான். லெப்பையிடம் போனேன். "பணம் உம்மாவோடது. சொல்லு ஒன்னோடது. ரெண்டையும் போட்டுக் குழப்பாத" என்றார். நான் குழம்பித்தான் போனேன்.

இப்போது உப்புத் தோணியில் மூட்டை தூக்குகிறேன். சனிக்கிழமை கூலியில் ஒரு பங்கை அண்ணாச்சியிடம் கொண்டுபோய் வைக்கிறேன். ஒரு வாரம், "வேண்டாம்லே, தங்கச்சிக்குத் துணி எடு" என்று திருப்பித் தந்தார். அடுத்த வாரம் நான் போகாமல் இருந்ததும், சொன்ன சொல் என்னாச்சு என்று ஆள் அனுப்பினார். நான் கட்டுவது வாப்பாவின் கடனா, என் வாயின் கடனா? வாப்பா இதை விரும்புவாரா? உம்மாவின் பேரை எழுதியபோது என்னை நினைத்தாரா? யாரிடம் கேட்க?

போன வாரம் லாஞ்சுக் கலாசி ஒருவர் மவுத்தானார். வாப்பாவோடு வேலை பார்த்தவர். அதே முற்றம், அதே சந்தூக்கு. பின்கால் ஒன்றை நான் பிடித்திருந்தேன். முன்காலில் அவர் மகனின் கை. என்னைவிடச் சின்னவன். லெப்பை "சொல்லுப்பா" என்றதும் எனக்கு அவன் வாயைப் பொத்தத் தோன்றியது. பொத்திவிட்டால் அவன் வாப்பாவின் கதி என்ன? அவன் சொல்லி முடித்தான். யாரும் வாய் திறக்கவில்லை.

நான் நிமிர்ந்தேன். சுவருக்கு வெளியே துண்டைக் கையில் வைத்தபடி அண்ணாச்சி நின்றிருந்தார். அவர் அந்தப் பையனைப் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.