மராக்கேஷில் பொரிந்த ஈரல்

முதியோர் இல்லத்தில் வாப்பாவின் கட்டிலருகே இருந்தபோது மகள் வீடியோவில் அழைத்தாள். மொரோக்கோவுக்குப் போனவள், வழிகாட்டி ஒருவரோடு மராக்கேஷின் தெருக்கடைகளில் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். சுடுதட்டில் ஈரலும் வெங்காயமும் சீறின.

"உம்மா, சூப்பரா இருக்கு! உம்மப்பாவுக்கும் காட்டுங்கோ."

அந்தச் சத்தத்தில் எனக்கு யாழ்ப்பாணத்துச் சோனகத் தெரு ஞாபகத்துக்கு வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை மாலைகளில் வாப்பா என்னைக் கடை கடையாகக் கூட்டிப்போவார். மிளகு தூவிய ஈரலை ஊதி ஆற்றி, முதல் துண்டை என் வாயில் வைப்பார்.

"உறைக்குதோ மகள்?" என்று கேட்டபடியே தன் சால்வையால் என் மூக்கைத் துடைப்பார். கடைக்காரர்கள் எல்லோருக்கும் என் பெயர் தெரியும். பிறகு யுத்த நேரத்தில் இயக்கத்துக்காரர்கள் முஸ்லிம்களான எங்கள் எல்லோரையும் ஊரைவிட்டுத் துரத்தினார்கள். அந்தக் கடைகளில் ஒன்றுகூட மிஞ்சவில்லை.

இப்போது வாப்பாவால் மென்று விழுங்க முடியாது. எல்லாவற்றையும் கூழாக அரைத்துத்தான் கொடுக்கிறார்கள். போனை அவர் முகத்தருகே பிடித்தேன்.

"வாப்பா, ஈரல். ஞாபகம் இருக்கோ?"

அவர் போனைப் பார்க்கவில்லை. என்னையே வெகுநேரம் பார்த்தார்.

"நீங்க புது நேர்ஸோ, பிள்ளை?"

மகளுக்குக் கேட்டிருக்கும்.

"ஓம்," என்றேன்.