மூன்று தட்டு

என் தம்பியை வாழைப்பழச் சோம்பேறி என்று சொன்னால் வாழைப்பழமே கோபித்துக்கொள்ளும். யாராவது உரித்துக் கொடுக்கட்டும் என்று காத்திருக்கிற ரகமில்லை அவன். உரிப்பதற்கு ஒரு மெஷினைச் செய்துவைத்துவிட்டுப் படுத்துக்கொள்வான். என் மகள் கைக்குழந்தையாக இருந்தபோது, தொட்டிலை ஆட்டச் சொல்லிவிட்டுப் பின்கட்டில் துணி துவைத்துக்கொண்டிருந்தேன். கிறீச் கிறீச்சென்று சத்தம் நிற்காமல் வந்தது. பையனுக்குப் பொறுப்பு வந்துவிட்டதே என்று பூரித்துப்போய் எட்டிப் பார்த்தால், தலையாட்டும் டேபிள் ஃபேனில் தொட்டில் கயிற்றைக் கட்டிவிட்டு அவன் தெருவில் பந்து விளையாடிக்கொண்டிருக்கிறான். முதுகில் நாலு வைத்தேன். சிரித்தான் கடன்காரன்.

வளர்ந்து லிஃப்ட் மெக்கானிக் ஆனான். என் வீட்டோடுதான் இருந்தான். கல்யாணப் பேச்செடுத்தால், "அதுக்கும் வேலை செய்யணுமேக்கா" என்பான்.

அவனுக்கு இரண்டு கூட்டாளிகள். ஒருவர் பஸ் டிரைவர். சின்ன வயதிலேயே வழுக்கை விழுந்ததால் ஊருக்கே சித்தப்பா. இன்னொருவன் மருந்துக் கடையில் நிற்பவன், மாத்திரை என்று கூப்பிடுவார்கள், வீட்டோடு மாப்பிள்ளை. சாயங்காலமானால் மூன்று பேரும் படகுத்துறைக்குப் பின்னால் உட்கார்ந்து அவரவர் பிழைப்பைத் திட்டித் தீர்ப்பார்கள். சித்தப்பாவுக்குப் போன வழியிலேயே திரும்பி வருவது அலுத்துவிட்டது. மாத்திரைக்கு மைத்துனன்கள். என் தம்பிக்கு, நாள் முழுக்க ஏறி இறங்கியும் எங்கேயும் போய்ச் சேராதது. திட்டுகிற நேரத்தில் ஒரு பழைய பாய்மரப் படகை வாங்கி ரிப்பேர் செய்ய ஆரம்பித்தார்கள். ஏதோ பொழுது போகிறது என்று நானும் விட்டுவிட்டேன். யாரிடமும் சொல்லாமல் கடல் தாண்டி இன்னொரு தேசத்துக்கு ஒரேயடியாகப் போகத்தான் அந்தப் படகு என்று எனக்கெப்படித் தெரியும்? இக்கரைக்கு அக்கரை பச்சை என்று சும்மாவா சொன்னார்கள்.

அன்று காலை, "வெளியூர்ல ஒரு லிஃப்ட் மாட்டிக்கிச்சுக்கா, போயிட்டு வந்துர்றேன்" என்றான். வாசலில் நின்று திரும்பிப் பார்த்தான். அவன் திரும்பிப் பார்க்கிற ஆளே இல்லை. எனக்கு வேலைக்கு நேரமாகிவிட்டது, கதவைச் சாத்தினேன்.

மதியத்துக்கு மேல், நான் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரி சலவைக்கூடத்துக்கு போன் வந்தது. துறைமுகத்துக்கு ஓடினேன். சித்தப்பாவும் மாத்திரையும் பெஞ்சில் நனைந்த கோழிகளாக ஒடுங்கியிருந்தார்கள். நடந்ததைச் சித்தப்பா சொன்னார்.

"கரையத் தாண்டினதும் மூடுபனிம்மா. நான் பின்னால சுக்கான்ல, இவன் நடுவுல, தம்பி முன்னால முனையில. ஒருத்தர் மூஞ்சி ஒருத்தருக்குத் தெரியல. கத்திக் கத்தித் தொண்ட கட்டிருச்சு. அதனால ஓரத்துக் கம்பியில தட்டுறதுன்னு வச்சுக்கிட்டோம். நான் ஒரு தட்டு, இவன் ரெண்டு, தம்பி மூணு. சத்தம் கேட்டா ஆள் இருக்கான்னு அர்த்தம். பனி விலகற வரைக்கும் தம்பி தட்டிக்கிட்டேதான் இருந்தான். விலகினதும் பார்த்தா முனையில ஆளில்ல."

அவனுக்கு நீச்சல் தெரியாது. லைஃப் ஜாக்கெட் போட்டிருந்தான் என்பது ஒன்றுதான் ஆறுதல்.

"பனி விலகின இடத்தைச் சுத்தித்தாம்மா தேடறோம்" என்றார் துறைமுக அதிகாரி. "கடைசி வரைக்கும் தட்டியிருக்காரே, அங்கதான் விழுந்திருக்கணும். இருட்டறதுக்குள்ள கிடைச்சா நல்லது."

அவர் நகர்ந்ததும் மாத்திரை என் கையைப் பிடித்தான். "அக்கா, அவர்கிட்ட ஒண்ணு சொல்லல. சொன்னா பைத்தியம்னு நினைப்பாங்க. ஆளில்லன்னு பார்த்த பிறகும் தட்டு நிக்கல. எங்களுக்கு முனைக்குப் போகக் காலே வரல. இப்பவும் தட்டறான்க்கா. காது கொடுத்துக் கேளு."

துறைமுகத்தார் கட்டி இழுத்துவந்த அவர்களுடைய பாய்மரப் படகு துறையில் ஆடிக்கொண்டிருந்தது. அதில் ஒரு ஈ காக்காய் இல்லை. முதலில் தண்ணீர்ச் சத்தம் மட்டும்தான் கேட்டது. பிறகு, டொக், டொக், டொக்.

ஈரத் துணி சுற்றிய கையால் கதவைத் தட்டுவது போல இருந்தது. கொஞ்சம் இடைவெளி. மறுபடி மூன்று. செத்துப்போய்தான் தட்டுகிறான் என்றே நினைத்தேன், பொய் சொல்வானேன். ஆனாலும் என் தம்பி. பேயானாலும் என்னைக் கடிக்க மாட்டான். படகில் ஏறினேன். அவர்கள் இருவரும் ஏறவில்லை.

"டேய், இருக்கியா?" என்றேன்.

டொக், டொக், டொக்.

கம்பியைப் பிடித்தபடி முனை வரைக்கும் போய், குனிந்து வெளிப்பக்கம் பார்த்தேன். கடலைப் பார்த்தபடி ஒரு ஸ்பேனர் நைலான் கயிற்றில் தொங்கிக்கொண்டிருந்தது. கையால் தட்டுவது போலக் கேட்க அதற்கு ஒரு சாக்ஸ் மாட்டியிருந்தது. கறுப்பு நூல் இல்லாததால் குதிகாலில் நான் நீல நூல் போட்டுத் தைத்த சாக்ஸ். படகு சாயும்போதெல்லாம் ஸ்பேனர் கம்பியில் மோதி, துள்ளி மோதி, மூன்றாவது மோதலில் அடங்கியது. அப்படி அடங்கும்படி கயிற்றை அளந்து கட்டியிருந்தான்.

எனக்கு அந்த டேபிள் ஃபேன் ஞாபகம் வந்தது. தட்டுவதற்கு ஸ்பேனரை நியமித்துவிட்டு ஐயா சுருண்டு படுத்திருக்கிறார். தூக்கத்தில் எப்போது உருண்டாரோ.

அப்புறம்தான் உறைத்தது. தட்டியது அவனில்லை என்றால், பனி விலகின இடத்தில் அவன் விழவேயில்லை. இவ்வளவு நேரமும் அவன் இல்லாத இடத்தில் தேடுகிறார்கள்.

"அவன கடைசியா கண்ணால எப்பப் பார்த்தீங்க?" என்று கீழே நின்றவர்களிடம் கத்தினேன்.

"பனி ஆரம்பிக்கறப்ப, கடல்ல பாறை மேல விளக்குக் கம்பம் இருக்கே, அந்தப் பாறை விளக்குகிட்ட" என்றார் சித்தப்பா. "டீ கொடுத்தேன்."

சாக்ஸும் ஸ்பேனருமாக அதிகாரியிடம் ஓடினேன். என்னை ஏற இறங்கப் பார்த்தார். "தொட்டில ஆட்டச் சொன்னா ஃபேன்ல கட்டிவிட்டுட்டுப் போனவன் சார் அவன்" என்றேன். என்ன புரிந்ததோ, ரேடியோவை எடுத்துப் படகுகளைப் பாறை விளக்குப் பக்கம் திருப்பச் சொன்னார்.

வெளிச்சம் போகிற நேரத்தில் கிடைத்தான். பாறைக்குச் சற்றுத் தள்ளி ஒரு மிதவையைக் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தானாம். உதடு நீலம் பாரித்திருந்தது. ஸ்ட்ரெச்சரில் வைத்தே ஓர் அறை விட்டேன். அதற்குப் பிறகுதான் எனக்கு அழுகை வந்தது.

அவனுக்குப் பேச்சு வர இரண்டு நாள் ஆனது. போர்வைக்குள்ளிருந்து மெதுவாகச் சொன்னான்.

"தண்ணியில விழுந்ததும் முழிச்சுக்கிட்டேன்க்கா. படகு பக்கத்துலதான் இருந்துச்சு, பனியில தெரியல. கத்தினேன். சித்தப்பா ஒரு தட்டு தட்டினார். மாத்திரை ரெண்டு தட்டினான். அப்புறம் நான் மூணு தட்டினேன். நான் தண்ணியில கிடக்கேன், அங்க நான் தட்டிக்கிட்டு இருக்கேன். நான் இருக்கேன் இருக்கேன்னு சொல்லிக்கிட்டே அது தூரமாப் போயிருச்சு."

இப்போது சித்தப்பா அதே பஸ்ஸை அதே வழியில் ஓட்டுகிறார். மாத்திரை மைத்துனன்களோடு சண்டை போடுகிறான். என் தம்பி லிஃப்ட்டில் ஏறி இறங்குகிறான். சோம்பேறித்தனம் ஒன்றும் குறையவில்லை. ஆனால் அடுத்த அறையிலிருந்து "டேய், இருக்கியா?" என்று கேட்டால் மட்டும் அவன் பதில் சொல்வதில்லை. எழுந்து வந்து முகத்தைக் காட்டிவிட்டுப் போகிறான்.