மனிதரில்லாக் கடல்

நடிகர்களை விட்டுவிட்டால் படம் எடுப்பதில் வம்பே இருக்காது என்று நான் நம்பினேன். கடல் கால்ஷீட் கேட்காது, முகம் பார்க்கக் கண்ணாடி கேட்காது, அம்மாவைக் கூட்டிக்கொண்டு வராது. ஆகவே என் சோதனைப் படத்துக்கு ‘மனிதரில்லாக் கடல்’ என்று பெயர் வைத்தேன். கதை கிடையாது, பாட்டு கிடையாது. மூன்று நிமிடமும் அலைதான். மயிலாப்பூரில் ஒரு சினிமா ரசிகர் சங்கம் ஞாயிற்றுக்கிழமை திரையிடுவதாக அழைப்பிதழே அச்சடித்துவிட்டது. படம்தான் பாக்கி.

துறைமுக ஆபீஸ் குமாஸ்தா வேலைக்கு அரைநாள் லீவு போட்டுவிட்டுத் திருவொற்றியூர்க் கடற்கரைக்குப் போனேன். கப்பலேறிய வெள்ளைக்காரர் ஒருவர் விட்டுப்போன பழைய கேமரா. உள்ளே, ஆறு மாதம் அலைந்து கிடைத்த ஒரே ஒரு ஃபிலிம் சுருள். மூணுகால் ஸ்டாண்டை மணலில் ஊன்றி, விசையை அழுத்திப் பூட்டினேன். கேமரா ஓடத் தொடங்கியது.

மறுநொடி லென்சுக்கு முன்னால் ஒரு மீன்காரம்மா, இடுப்பில் கூடையோடு.

“இன்னா நைனா, அளக்க வந்துகீறியா? எந்தக் கம்பெனிக்காரன் அனுப்ச்சான்?”

“அளக்கலைம்மா, படம் எடுக்கிறேன்.”

“படமா? ஆடுறவ எங்க?”

“யாரும் இல்லை. கடல் மட்டும்தான்.”

“தோடா! வூட்டாண்ட சும்மா கெடக்குற கடல, எவன் கொட்டாயில குந்திக்கினு பாப்பான்? அடியே, வாங்கடி எல்லாரும்! நம்ம மண்ண அளந்துகினு கீறான்!”

குப்பமே ஓடிவந்து, நான் ஓர் அங்குலம்கூட அளந்துவிடாதபடி, தோளோடு தோள் சேர்த்து அவர் பின்னால் நின்றது.

கேமராவை நிறுத்தியிருக்க வேண்டும். ஆனால் பயம் வந்தால் என் கை எதையாவது திருகும். வழக்கமாகச் சட்டைப் பொத்தான். அன்று அகப்பட்டது கேமராவின் சாவி. அரை நிமிடத்துக்கு ஒருமுறை திருகினால்தான் ஓடும் கேமரா அது. ஆபீஸில் எந்த வேலையையும் நான் அவ்வளவு ஒழுங்காகச் செய்ததில்லை. சுருள் தீர்ந்து சத்தம் நின்றபோதுதான் என்ன செய்தேன் என்று எனக்கே புரிந்தது.

“அந்த ஓட்டைல நா பாக்கணும்,” என்று வந்து குனிந்தார் அந்த அம்மா. கூட்டத்தைக் கையால் ஒதுக்கினார்.

“அட, மெய்யாலுமே கடலு தாண்டி! பாவம், பேஜார் பண்ணிட்டோம். நவுருங்கடி எல்லாம். எட்த்துக்கோ நைனா.”

எல்லாரும் விலகினார்கள். இளவெயில், சுத்தமான அலை, ஓர் ஆள் இல்லை. சுருளும் இல்லை.

“எடுத்துட்டேம்மா, ரொம்ப நன்றி,” என்றேன்.

அழைப்பிதழுக்குப் பயந்து, கழுவிய ஃபிலிமை ஞாயிற்றுக்கிழமை அப்படியே ஓட்டினேன். மூன்று நிமிடம் ஓர் அம்மா ஓசையில்லாமல் திட்டினார். பின்னால் ஊர் கூடியது. அவர் காதுக்கும் தோளுக்கும் நடுவே கையகலம் கடல் தெரிந்தது. சங்கத்துக் காரியதரிசி கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, “மனிதன் எவ்வளவு ஆழமாக இல்லாமலிருக்கிறான்!” என்றார். நான் ஆமாம் போட்டேன்.

அடுத்த வருஷம் அந்த மணலில் வேறொரு ஸ்டாண்டை ஊன்றினார்கள். அது அளக்கத்தான் வந்தது. தொழிற்சாலைச் சுவர் எழுந்தது. குப்பத்தை எர்ணாவூர்ப் பக்கம் தள்ளிவிட்டார்கள். இப்போது அங்கே நின்று பார்த்தால் கடல் மட்டும்தான் இருக்கிறது. ஆள் யாரும் இல்லை.