மலைக்கு இந்தப் பக்கம் காற்று

எனக்கு வாய் கொஞ்சம் நீளம். கேட்டாலும் கேட்காவிட்டாலும் யோசனை சொல்லிவிடுவேன். அன்றைக்கும் அப்படித்தான் சொன்னேன்.

என் தம்பி திருநெல்வேலிப் பக்கத்து மலையில் தற்காலிகத் தீக்காவலர். கோடை முழுக்கக் காட்டில் புகை தெரிகிறதா என்று பார்க்க வேண்டும். தெரிந்தால் ஓடிப்போய்ப் பச்சைத் தழையால் அடித்து அணைக்க வேண்டும். ஜூன் மாதம் போன் செய்தான். "அக்கா, இன்னும் மூணு மாசம் இருக்கச் சொல்லுதாவ. நான் அங்க வந்திரட்டா? குர்லா பட்டறையில ஆள் வேணும்னு அத்தான் சொன்னாவல்லா?"

தாராவியில் அப்போது வீட்டுக்குள் தண்ணீர். ஸ்டூல்மேல் அடுப்பை ஏற்றி வைத்துச் சமைத்துக்கொண்டிருந்தேன். "ஏலே கூறுகெட்டவனே, மழைதான் ஆரம்பிச்சாச்சே. இனி காட்டுல என்னல தீ வரும்? சும்மா உக்காந்து சம்பளம் வாங்கு. மழை முடிஞ்சு வா" என்றேன். அவன் எதையோ சொல்லவந்தான். நான் விடவில்லை.

இருபது வருஷமாகப் பம்பாயில் இருக்கிறவளுக்கு மழை என்றால் ஒன்றே ஒன்றுதான். ஜூனில் இறங்கும், ஊரை முக்கும். அங்கேயும் அதே மழைதானே என்று நினைத்துவிட்டேன். நான் வளர்ந்ததும் அந்த மலையடிவாரத்தில்தான். ஆனி, ஆடியில் அங்கே காற்று மண்ணை வாரிக் கண்ணில் அடிக்கும் என்பது எப்படி மறந்துபோனதோ!

ஆடியில் அவன் சொல்லித்தான் புத்திக்கு எட்டியது. "மழையெல்லாம் மலைக்கு அந்தப் பக்கமே கொட்டித் தீத்துருதுக்கா. இந்தப் பக்கம் வெறுங்காத்துதான். கோடை மழையும் இந்த வருசம் ஏமாத்திட்டு. ஆளுயரத்துக்குப் புல்லு காஞ்சு கெடக்கு. ஒரு பீடித் துண்டு போதும்."

இங்கே மேகத்தைக் கொண்டுவருகிற அதே காற்று அங்கே தீயை ஊதுகிறது. "கெளம்பி வந்திருல" என்றேன். "இப்ப எப்படிக்கா? மொத்தமே அஞ்சு பேரு" என்றான்.

இரண்டாம் நாள் காலையில் மலையில் தீ என்று ஊரிலிருந்து சேதி. காற்று திசை மாறி மாறி அடிக்கிறதாம். மேலே போனவர்கள் இறங்கவில்லை. தம்பி போனை எடுக்கவில்லை. இங்கே வானம் பொத்துக்கொண்டு ஊற்றியது. ரயில் நின்றுபோய் என் வீட்டுக்காரர் குர்லாவிலிருந்து நடந்தே வந்தார். "சும்மா காலிபீலி டென்ஷன் ஆவாத. மலையில டவர் கெடைக்காது" என்றார். நான் வாளியால் வீட்டுத் தண்ணீரை இறைத்தேன். இறைத்தது அப்படியே திரும்பி உள்ளே வந்தது. பாழாய்ப்போன இந்த மேகத்தில் ஒன்று, ஒரே ஒன்று அந்த மலையைத் தாண்டக் கூடாதா என்று வாய்விட்டுத் திட்டினேன், அழுதேன். யாரைத் திட்டுகிறேன் என்று எனக்கே தெரியவில்லை. போனை அழுத்துவதும் வைப்பதுமாக அந்தப் பகல் போனது.

மறுநாள் மதியம் ஆஸ்பத்திரியிலிருந்து பேசினான். அணைத்துக்கொண்டிருக்கும்போதே காற்று திரும்பி, தீ இவர்கள் பக்கம் பாய்ந்திருக்கிறது. பாறை இடுக்கில் புகுந்து உயிர் தப்பியிருக்கிறார்கள். அவனுக்கு இரண்டு காலும் வெந்துபோயிருந்தன. எப்போது நடப்பான் என்று டாக்டர் சொல்லவில்லை.

"ரொம்ப வலிக்கா, ஐயா?" என்று மட்டும் கேட்டேன்.

"நீ சொல்லித்தான் இருந்தேன்னு நெனைச்சிராதக்கா" என்றான்.

நான் அப்படி நினைத்ததை யாரிடமும் சொல்லியிருக்கவில்லை. வீட்டுக்காரரிடம்கூட.