அண்ணன் தோற்கடித்த மாணவன்

என் அண்ணன் வயிற்றெரிச்சல்காரன் என்று சொன்னால் அம்மா என்னை அடிக்க வருவாள். ஆனால் அவனைப் பற்றி எழுத வேண்டுமென்றால் அங்கிருந்துதான் தொடங்க வேண்டும். அடுத்தவன் குடை தன் குடையைவிடப் பெரிதாக இருந்தால்கூட அவனுக்கு மனசு ஆறாது. எல்லோரையும்விட அதிகமாக அவன் வயிறு எரிந்தது எங்கள் பெரியம்மா மகனைப் பார்த்து. இருவரும் ஒரே வகுப்பு, ஒரே பெஞ்ச். இயற்கணிதத்தில் தேறி அவன் பொறியியல் படிக்கப் போனான். அண்ணன் தேறவில்லை.

"அடைப்புக்குறிக்குள்ள இருக்கிறதை வெளிய எடுன்னாங்க, எடுத்தேன். எடுத்தா குறி மாறும்னு அவனுக்கு மட்டும் யார் சொன்னா?" என்று இன்னும் கேட்பான். அவர்களுக்குக் கணக்கு எடுத்த அதே வாத்தியார்தான் பிறகு எங்கள் வகுப்புக்கும் வந்தார். அவர் எல்லோருக்கும்தான் சொன்னார்.

இப்போது அண்ணனும் நானும் ஒரு டயர் கடைக்கு மேலே இருக்கும் அலுவலகத்தில் வேலை பார்க்கிறோம். இணையக் கடைகளுக்குப் பொருள்களின் அறிமுகக் குறிப்பு எழுதுவது எங்கள் வேலை. எழுதுவது என்பது கொஞ்சம் அதிகம். ஒரு குறிப்பு வரும். அதையே பல கடைகளுக்குத் தர வேண்டும், ஆனால் ஒன்றைப் போல் இன்னொன்று இருக்கக் கூடாது. அதனால் ஒரு சொல்லை எடுத்துவிட்டு அதே பொருள் தரும் வேறு சொல்லை வைப்போம். முதல் கடைக்கு மாற்றியதை வைத்து இரண்டாம் கடைக்கு, அதை வைத்து மூன்றாம் கடைக்கு. மூலத்தைத் திரும்பிப் பார்க்க யாருக்கும் நேரமில்லை.

எங்கள் மேற்பார்வையாளர் அக்காவுக்கு நாங்கள் வைத்த பெயர் சல்லடை. வாரம் ஒருமுறைதான் சலிப்பார். அன்று எல்லோரும் உதிர்வோம். அவருக்கு உதவியாக இருந்த சரிபார்ப்பாளர் கல்யாணமாகி ஊர் மாறிப் போய்விட்டார். கைப்பிடி வைத்த அவருடைய நாற்காலி காலியாகக் கிடந்தது. அது தனக்குத்தான் என்று அண்ணன் அம்மாவிடம் சொல்லிவிட்டான்.

அந்தச் சமயத்தில்தான் இயற்கணிதப் பாடநூல் ஒன்றுக்குக் குறிப்பு வந்தது. 'கணக்கு என்றாலே நடுங்கிய மாணவன் ஒருவன் இந்த நூலைப் படித்து, எளிதாகப் புரிந்துகொண்டு, மகிழ்ச்சியோடு தேர்ச்சி பெற்றான்.' சல்லடை அதை அண்ணனிடம் கொடுத்தார்.

"இதை ஒழுங்கா முடி. அந்த நாற்காலியைப் பத்தி அப்புறம் பேசலாம்."

அண்ணன் திரையை முறைத்தான். "யாருடி இவன்?"

"யாரும் இல்லண்ணா. சும்மா எழுதியிருக்காங்க."

"சும்மா எழுதின பையனுக்கே எளிதா புரிஞ்சுடுச்சாம்!"

முதல் கடைக்கு 'எளிதாக' என்பது 'சிரமமின்றி' ஆயிற்று. அடுத்த கடைக்கு 'அதிகச் சிரமமின்றி'. அதற்கடுத்து 'சற்றே சிரமத்துடன்'. 'மகிழ்ச்சியோடு' என்பது 'நிம்மதியோடு' ஆகி, 'அமைதியாக' ஆகி, 'மௌனமாக' ஆயிற்று. ஒவ்வொரு மாற்றத்தையும் தனியாகப் பார்த்தால் பெரிய குற்றம் சொல்ல முடியாது.

"அண்ணா, பையன் பாவம். கடைக்குக் கடை மெலிஞ்சுக்கிட்டே போறான்," என்றேன்.

"உன் வேலையைப் பாரு. அவனுக்கு நீ என்ன அத்தையா, மாமியா?"

தெரிந்தே செய்தானா என்று எனக்கு இன்னும் தெரியாது. ஆனால் 'தேர்ச்சி பெற்றான்' என்பது 'தேறினான்' ஆகி, 'தப்பித்தான்' ஆனபோது, பல நாள் பட்டினி கிடந்தவன் சாப்பிட்டு எழுந்த தெளிவு அண்ணன் முகத்தில் இருந்தது.

சலிக்கும் நாளன்று சல்லடை கடைசிக் குறிப்பை உரக்க வாசித்தார்: "'கணிதத்தைக் கண்டு அஞ்சிய மாணவன் இந்தப் புத்தகத்தைப் புரட்டி, பெரும்பாடு பட்டு, மௌனமாகத் தேர்வறையை விட்டு வெளியேறினான்.' ஏம்பா, வாங்கச் சொல்றியா, வாங்காதேங்கிறியா?"

அறையே சிரித்தது.

"சொல்லுக்குச் சொல்தான் வச்சேன்க்கா," என்றான் அண்ணன்.

"அந்தப் பையன் உன்னை என்னப்பா பண்ணான்?"

சல்லடை என் பக்கம் திரும்பினார். "நீ இதைத் தூக்கி நிறுத்த முடியுமாம்மா?"

நான் மூலத்தைத் திறந்து வைத்துக்கொண்டு, ஒவ்வொரு கடைக்கும் அதிலிருந்தே தொடங்கினேன். நேரம் பிடித்தது. ஆனால் மாணவன் எல்லாக் கடைகளிலும் தேர்ச்சி பெற்றான். மாலையில் சல்லடை கைப்பிடி நாற்காலியை என் மேசைக்குத் தள்ளிக்கொண்டு வந்தார். அண்ணன் தன் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. திரை அணைந்திருந்தது.

வீட்டில் கதவைத் திறந்ததும் அம்மா அவனைத்தான் கேட்டாள். "என்னடா, கிடைச்சுதா?"

செருப்பைக் கழற்ற அவனுக்கு வெகு நேரம் ஆனது. "நம்ம வீட்டுக்குத்தான் வந்திருக்கு," என்றான்.

அம்மா உடனே பெரியம்மாவுக்குச் சொல்ல ஃபோனை எடுத்தாள். அவன் அதைப் பிடுங்கினான். "இரும்மா. எனக்கில்ல. இவளுக்கு." பிறகு, "சும்மா உட்கார்ந்து வாசிக்கிற வேலைதான். பெருசா ஒண்ணுமில்ல," என்றான்.

அம்மா என்னை இழுத்து என் தலையில் கை வைத்தாள். அண்ணன் ஃபோனைப் பிடித்தபடி அந்தக் கையையே பார்த்துக்கொண்டு நின்றான்.