முடிச்சின் மேல் ஆறு தையல்

1. பாலே காலணியின் ரிப்பன் நுனிகளை லைட்டரில் கருக்கினேன்.
2. ரிப்பனையும் எலாஸ்டிக்கையும் காலணியோடு சேர்த்துத் தைத்தேன்.
3. காலணியை மாட்டி, ரிப்பன் அவிழாதிருக்க முடிச்சையும் தைக்கக் குனிந்தேன். கை நின்றுவிட்டது.

எனக்கு எட்டு வயதில், பிடோக்கில் இருந்த எங்கள் வீட்டில், அக்காவின் பாலே போட்டி நாளன்று அம்மா அப்படித்தான் தைத்தார்.

“போட்டிருக்கிறப்ப தைக்கக் கூடாதுன்னு நீங்கதானே சொல்வீங்க?” என்று அக்கா சிரித்தாள்.

“டாக்சி வந்துருச்சு லா. காலை நீட்டுடி.”

ஆறு தையல் போட்டார், நான் எண்ணினேன். ஆடிவிட்டு வந்ததும் அம்மா பிரிக்க உட்கார்ந்தார். ஒன்பது இருந்தன. கடைசி மூன்றும் தோலையும் சேர்த்துப் பிடித்திருந்தன. ரத்தமே இல்லை.

“வலிக்குதா?” என்றார் அம்மா.

“நீங்க இன்னும் தொடவே இல்லையேம்மா.”

அம்மாவின் விரல்கள் அவள் கணுக்காலில்தான் இருந்தன.

அங்கே அக்காவுக்கு இன்றுவரை உணர்ச்சி இல்லை. பத்து நிமிடத்தில் நான் மேடையேற வேண்டும். முடிச்சைத் தைக்கவில்லை.